நாமும் நகைத்தோம்

சென்ற மாதம் ஒரு மாலை தேநீர்க் கடையில் நண்பர் சிலரோடு அமர்ந்திருந்தோம். எங்கோ ஓர் அறையில் காமிராவின் முன் அமர்ந்து, காண்போர் கேட்டபடியெல்லாம் ஆடியும் நடித்தும் காசு பெறும் பெண்ணொருத்தியை, நண்பரொருவர் தமது கைப்பேசியில் காட்டினார். "வெட்கங்கெட்ட பிழைப்பு!" என்றார் மற்றொருவர். யாவரும் நகைத்தனர், நாமும் நகைத்தோம். அந்நகைப்பை எண்ணி இன்று நாணுகிறோம்.

அப்பிழைப்பின் உண்மை யாதென அறிய விரும்பி, ஹியூமன் ரைட்ஸ் வாட்ச் என்னும் அமைப்பு 2024 டிசம்பரில் வெளியிட்ட அறிக்கையொன்றைக் கண்ணுற்றோம். தென்னமெரிக்கக் கொலம்பியாவில் பொகோட்டா, மெடெயின், காலி முதலிய நகரங்களில் இத்தொழிலுக்கென்றே ஸ்டூடியோக்கள் உள்ளன. மூட்டைப்பூச்சியும் கரப்பானும் மலிந்த சிறு தடுப்பறைகளில் பெண்கள் நெடுநேரம் உழைக்கின்றனர். இடையில் ஓய்ந்தால் அபராதம். பெண் பெயரில் திறந்த இணையக் கணக்கும் ஸ்டூடியோக்காரர் கையிலேயே இருக்கிறது.

கூலிக் கணக்கையும் கேளுங்கள். காண்பவர் 100 வெள்ளி கொடுத்தால், அயல்நாட்டில் வீற்றிருக்கும் இணையத்தளத்தார் 50 முதல் 65 வரை எடுத்துக்கொள்வர். எஞ்சியதில் நூற்றுக்கு 70 வரைகூட ஸ்டூடியோக்காரர் பிடித்துக்கொள்வதுண்டு. அவ்வாறாயின் உழைத்தவளுக்கு மிஞ்சுவது 15 வெள்ளிக்கு மேல் இல்லை!

இக்கணக்கைப் படித்ததும் நமக்கு நமது பாட்டியாரின் நினைவு வந்தது. அவர் ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். விடியுமுன் பிரட்டுக்கு நிற்பார். அவர் வேலைக்கு வந்த நாளுக்கெல்லாம் கங்காணிக்குத் தலைக்காசு உண்டு. பாலின் நிறையோ கிராணி எழுதியதே நிறை. "எம் கையால் வடித்த பாலுக்கு எமக்கே கணக்குத் தெரியாது, அப்பா" என்று அவர் கூறுவதுண்டு. அவரையும் பட்டணத்தார் சிலர் "தோட்டக்காட்டாள்" என்று இழித்துரைத்து நகைத்தனர். நகைத்தவருள் ஒருவரேனும் தலைக்காசைப் பற்றி வினவினாரில்லை.

அத்தொழிலைப் புகழ நாம் முன்வரவில்லை. வேறு வழி கிடைத்தால் விட்டுச் செல்வோர் பலர் இருப்பர். ஆனால் வெட்கம் யாருக்கு உரியது? வயிற்றுக்காக அமர்ந்தவளுக்கா, அமர்த்திப் பங்கு பறிப்பவனுக்கா, காசு வீசிக் கண்டு களித்துவிட்டுப் பகலில் ஒழுக்கம் பேசுபவனுக்கா?

"இவர்கள் எம் தொழிலாளரல்லர், தாமே தொழில் நடத்துவோர்" என்பது இணைய முதலாளிகளின் வாதம். மோட்டார் சைக்கிளில் உணவு சுமந்தோடும் நம் வீட்டுப் பிள்ளைகளைக் குறித்தும் இதே வாதம் நெடுநாள் கூறப்பட்டது. சிங்கப்பூரில் 2025 ஜனவரி 1 முதல் நடப்பிலுள்ள சட்டம், அத்தகையோருக்கு விபத்து நட்டஈடும் சேமநிதிப் பங்கும் வகுத்துள்ளது. நம் பிள்ளைக்கு நியாயமென்று நாம் கொண்டாடியது அயல்நாட்டுச் சகோதரிக்கு மட்டும் அநியாயமாகுமோ?

அன்பர்களே! மறுமுறை அக்கைப்பேசி நம் முன் நீட்டப்படுமாயின் நாம் நகைக்கப்போவதில்லை. "இவளுக்குக் கிடைக்கும் பங்கு எவ்வளவு?" என்று மட்டும் கேட்போம். பாட்டியாருக்காக அன்று ஒருவரும் கேளாத கேள்வி அதுவே.