கோலார்ப் பாதாளம்

ரைவத மன்னன் தன் மகள் ரேவதிக்கு ஏற்ற மணமகன் யாவன் என்று கேட்டறியப் பிரமலோகம் சென்றான். அங்கே ஓர் இசை கேட்டு முடியும் பொழுதிற்குள் மண்ணுலகில் யுகங்கள் பல கழிந்துவிட்டன என்று புராணம் கூறும். இளமையில் கேட்ட இக்கதையைப் புனைவென்றே நாம் கொண்டிருந்தோம். காலம் ஓரிடத்தில் விரைந்தும் ஓரிடத்தில் மெல்லவும் செல்லுமோ? பொருள் தன்னியல்பு திரிந்து மறையுமோ? இவ்வினாக்களை நம்மவர் தோண்டிய குழிக்குள்ளேயே அறிஞர்கள் ஆய்ந்தனர் என்று அறிந்தபின், கோலார் தங்கவயலை ஒருமுறை நேரிற் காணாதிருக்க மனம் ஒப்பவில்லை.

பங்காருப்பேட்டையில் பிரியும் கிளைப்பாதை மாரிகுப்பத்தோடு முடிகிறது. கருநாடக மண்ணாயினும் வண்டியில் செவி சாய்த்த பக்கமெல்லாம் தமிழே. உரிகம் தாண்டியதும் சயனைடு மேடுகள் வெளிறிய குன்றுகளாய் எழுகின்றன. தங்கம் பிரித்தெடுத்தபின் கொட்டிய கழிவு மண் அது. காற்றடித்தால் வீடுகளுக்குள்ளும் புகும் என்றனர். 1880-இல் ஜான் டெய்லர் கம்பெனியார் இங்கே கால் வைத்த பின்னர், வட ஆர்க்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் குடும்பம் குடும்பமாக வந்தவர்களின் பேரன்மார் இன்று நாள்தோறும் பெங்களூருக்கு வேலைக்குச் சென்று மீள்கின்றனர். சுரங்கம் 2001 பிப்ரவரி 28-இல் மூடப்பட்டது.

சாம்பியன் ரீஃப் பக்கத்தில், துருவேறிய தூக்குச் சட்டம் ஒன்று தெரியும் வேப்பமர நிழலில் ஒரு பெரியவர் அமர்ந்திருந்தார். சுரங்கத்தில் உழைத்தவர். நாம் கேட்காமலே பேசலானார்.

“கீழே பகல் ஏது, இரவு ஏது, தம்பி? சங்கு ஊதினால் இறங்குவோம். சங்கு ஊதினால் ஏறுவோம். அதுதான் எங்களுக்குப் பொழுது.”

மூன்று கிலோமீட்டருக்கும் மேல் ஆழ்ந்த சுரங்கம் அது. அடிமட்டத்தில் பாறையின் வெப்பம் அறுபது பாகையைத் தாண்டும். குளிர்ந்த காற்றை ஊதி அனுப்பினாலன்றி ஆள் நிற்க இயலாது. அதனினும் கொடியது பாறை வெடிப்பு. கனிமத்தை எடுத்துவிட்ட வெற்றிடத்தைச் சுற்றி மலையின் பாரமெல்லாம் கூடிக் கூடி, ஒரு நொடியில் பாறை படீரெனச் சிதறும். மேலே வீடுகளில் பாத்திரங்கள் உருளும். அவ்வோசை கேட்டதும் பெண்டிர் சுரங்க வாயிலுக்கு ஓடி, கூண்டு மேலே வரும்வரை நின்றிருப்பராம். இதனைச் சொல்கையில் பெரியவர் சற்றே பேச்சை நிறுத்தினார். நாமும் மேலே கேட்கவில்லை.

இந்த ஆழத்தைத்தான் டாட்டா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தார் விரும்பித் தேர்ந்தனர். 1950-களின் தொடக்கத்திலேயே பி.வி. ஸ்ரீகண்டன் இங்குக் கருவிகளோடு இறங்கினார். விண்ணிலிருந்து வரும் கதிர்கள் காற்றில் மோதுகையில் மியூவான் என்னும் நுண்துகள் பிறக்கிறது. அதன் வாழ்நாள் ஒரு நொடியைப் பத்து இலட்சம் கூறிட்டால் அதில் இரண்டு கூறே! ஒளியின் வேகத்தில் ஓடினாலும் அதற்குள் முக்கால் கிலோமீட்டர்கூடக் கடக்கலாகாது. ஆயினும் அது பத்துப் பதினைந்து கிலோமீட்டர் உயரத்திலிருந்து வந்து, கோலார்ப் பாறையையும் துளைத்துக் கீழே செல்கிறது. காரணம், அத்துணை விரைந்து செல்லும் பொருளுக்குக் காலம், நம் கணக்கில், மெல்ல ஓடுகிறது. ரைவதன் கதையைப் புனைந்தவர் இதனை அறிந்திருந்தார் என்று நாம் சொல்ல வரவில்லை. அவ்வாறு சொல்வோர் நம்மிடையே மிகுதி. எனினும் கதையை நினையாதிருக்க முடியவில்லை.

இறங்க இறங்க மியூவான்கள் அருகின. ஏறக்குறைய 9,000 அடி ஆழத்தில் இரு திங்கள் காத்திருந்தும் ஒன்றுகூடப் பதிவாகவில்லை. அந்த அமைதியில்தான், 1965-இல், 7,600 அடி ஆழத்தில், ஜப்பானிய ஆங்கிலேய அறிஞருடன் கூடி, காற்று மண்டலத்தில் பிறந்த நியூட்ரினோவின் சுவட்டைக் கண்டனர். அதே காலத்தில் அதனைக் கண்ட மற்றோரிடமும் தங்கச் சுரங்கமே, தென்னாப்பிரிக்காவில்.

பின்னர் 1980-இல் இன்னும் வியப்பான வேலை தொடங்கிற்று. பெரியவர் அதனைக் கண்ணாரக் கண்டவர்.

“பொன்னும் எடுக்காமல், கல்லும் உடைக்காமல், இரும்பை அடுக்கி வைத்துக்கொண்டு இருப்பார்கள். எதற்கு என்று கேட்டேன். அணுவுக்குள் ஒன்று இருக்கிறது, அது சாகிறதா என்று பார்க்கிறோம் என்றார்கள்.”

அந்த ஒன்று புரோட்டான். நம் உடலும் பொன்னும் அதனால் ஆனவை. அது அழியுமானால் அதன் ஆயுள் இவ்வுலகின் வயதினும் கோடானுகோடி மடங்கு நீண்டது. அவ்வளவு காலம் யார் காத்திருப்பது என்று கேட்கலாம். நூறாண்டு வாழும் மனிதரின் சாவைக் காண நூறாண்டு காத்திருக்க வேண்டுவதில்லை. பேரூராயின் நாள்தோறும் ஒரு பாடை போகும். ஆகவே எண்ணற்ற புரோட்டான்களை ஓரிடத்தில் கூட்டி, ஒன்றேனும் இன்று மடிகிறதா என்று நோக்கினர். 34 அடுக்கு எண்ணிகளும் இடையிடையே இரும்புத் தகடுகளுமாக 140 டன். ஐயத்திற்குரிய சில நிகழ்ச்சிகளை வெளியிட்டதும் உண்டு. பிற நாட்டுப் பெருங்கருவிகள் அவற்றை உறுதி செய்யவில்லை. 1992-இல் ஆய்வு நின்றது. சுரங்கம் மூடியபின் நீரிறைப்பும் நிற்கவே, குழியில் வெள்ளம் ஏறிற்று.

அந்த ஆய்வுக் கட்டுரைகளின் தலைப்பில் அறிஞர் பெயர்கள் உள்ளன. கூண்டை இயக்கியோர், காற்று ஊதியோர், பாறையைத் தாங்க முட்டுக் கொடுத்தோர் பெயர்களை இந்தக் குடியிருப்புகளில்தான் கேட்டறிய வேண்டும். பெரியவர் பலரைச் சொன்னார். அவர்களுள் இருவரே இன்று உயிரோடிருக்கின்றனர் என்றும் சொன்னார்.

விடைபெற எழுந்தோம்.

“அது செத்ததா, தம்பி?” என்றார்.

“இதுவரை எவரும் காணவில்லை, ஐயா. ஜப்பானில் ஒரு பழைய சுரங்கத்தில் 50,000 டன் நீரை நிரப்பி வைத்துக்கொண்டு இன்னும் பார்க்கிறார்கள்.”

“அங்கே இறைக்க ஆள் இருக்கிறது போலும்” என்று சொல்லி, மாரிகுப்பம் நிலையத்திற்குக் குறுக்குவழியைக் கைகாட்டினார்.