வெயில் வந்த பிறகு

2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயல் அடித்தபோது திருவனந்தபுரம் பூந்துறையில் எங்களுக்குப் பயம் குறைவாகத்தான் இருந்தது. புயல் எச்சரிக்கை கரைக்கு வந்து சேர்வதற்கு முன்பே வள்ளங்கள் கடலில் இருந்தன. என் வீட்டுக்காரர் ஒரு வள்ளத்தில், கொழுந்தன் இன்னொன்றில். "காத்து அடங்கட்டும் மக்களே, கரை ஏறிருவானுவ" என்றார் மாமி. நம்பினேன்.

வெயிலோடுதான் பயம் வந்தது. காற்று நின்று, கடல் நீலமாகத் தெளிந்து கிடந்தது. புயல் இருந்தவரை அவர்கள் வராததற்கு ஒரு காரணம் இருந்தது. இப்படி அடங்கிக் கிடக்கிற கடலிலிருந்து வராதவனுக்கு என்ன காரணம் சொல்வது?

தோமையார் கோயில் முற்றத்திலும் கடல்சுவர்க் கற்களிலும் பெண்கள் உட்கார்ந்திருந்தோம். தூரத்தில் நுரை வெளுத்தால் கவிழ்ந்த வள்ளம். பக்கத்து விமான நிலையத்தில் எது இறங்கினாலும் தேடப்போன ஹெலிகாப்டர். ஒருநாள் காலி மண்ணெண்ணெய் கன்னாஸ் ஒன்று ஒதுங்கியது. கைப்பிடியில் பச்சைக் கயிறு, இரட்டை முடிச்சு. யார் கட்டும் முடிச்சு என்று ஒவ்வொருத்தியாக வாங்கித் தடவிப் பார்த்தோம்.

வடக்கே சங்குமுகத்தில் இதே கடல். கானாயி குஞ்ஞிராமனின் சாகரகன்னிகை சிலையருகே ஜனங்கள் காற்று வாங்குவார்கள். கடலைப் பார்த்தால் மனசு ஆறும் என்கிறவர்கள்மீது எனக்குக் கோபமில்லை. அன்று அவர்கள் வீட்டு ஆள் யாரும் அதில் இல்லை.

வீட்டுக்காரரை ஒரு கப்பல் மீட்டுக் கரை சேர்த்தது. கொழுந்தன் வரவில்லை. அடையாளம் தெரியாத உடல்களோடு ஒப்பிட டிஎன்ஏ சோதனைக்கு மாமியிடம் ரத்தம் எடுத்தார்கள். எதுவும் பொருந்தவில்லை. அதன்பின் வீட்டுக்காரர் மேற்கு ஜன்னலைத் திறக்கவே விடமாட்டார். அலைச் சத்தம் கேட்டால் சோற்றில் வைத்த கை நின்றுவிடும்.

2018 ஆகஸ்ட் கேரள வெள்ளத்தில் எங்கள் கரை வள்ளங்களை மீட்புக்காக லாரியில் ஏற்றியபோது, யாரும் கூப்பிடாமலே அவரும் ஏறினார். செங்கன்னூரில் ஒரு மாடிவீட்டு அம்மச்சி, தான் நட்டு அறுத்த வயலின்மேல் நிற்கும் தண்ணீரைப் பார்த்து நடுங்கி, வள்ளத்தில் இறங்க மறுத்தாராம். இவர் துடுப்பை ஊன்றித் தரையைத் தொட்டுக் காட்டினாராம்: "இது கடலல்ல அம்மச்சீ, பேடிக்கண்டா." ஒன்பது மாதமாகத் தண்ணீரைத் திரும்பிப் பார்க்காத மனிதர் பயப்படாதே என்று சொல்லியிருக்கிறார்.

திரும்பி வந்ததும் எஞ்சினைப் பிரித்துத் துடைத்தார். இப்போது கடலுக்குப் போகிறார். மேகம் கறுத்தால் போகமாட்டார். எனக்கோ நல்ல வெயில் நாளில்தான் அவரை அனுப்பக் கஷ்டமாக இருக்கிறது.