சித்தியும் ஒரு மன்னிப்பும்



நேற்று இரவு எங்கள் வேளச்சேரி தெருவில் கரண்ட் இல்லை. மொட்டை மாடியில் காற்று வாங்கும்போது பக்கத்து வீட்டு அம்மா பழைய 'சித்தி' தொடரைப் பற்றிப் பேச்செடுத்தார். எனக்கு ஒரு பழைய உறுத்தல் கிளம்பிவிட்டது.

2000ஆம் ஆண்டு. ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருத்தி வீட்டுப்பாடம் எழுதி வரவில்லை. "சீரியல் பார்த்தியா?" என்றேன். "ஆமா டீச்சர். அம்மா அஞ்சு வீட்டு வேலை முடிச்சுட்டு வந்து உட்கார்ற நேரம் அது ஒண்ணுதான். நானும் பக்கத்துல உட்காருவேன்" என்றாள். "அழுமூஞ்சி நாடகம் சோறு போடுமா?" என்று கேட்டு, அவளை வகுப்புக்கு வெளியே நிற்க வைத்தேன்.

அந்த நாடகம் ராதிகாவுக்கு என்னவாக இருந்தது என்று அன்று நான் யோசிக்கவில்லை. எம்.ஆர்.ராதாவின் மகள். 1978இல் பாரதிராஜாவின் 'கிழக்கே போகும் ரயில்' படத்தில் பாஞ்சாலியாக அறிமுகமானவர். 1993இல் 'கிழக்குச் சீமையிலே' விருமாயி. அப்போது முப்பதை ஒட்டிய வயதுதான். ஆனால் திரையில் வளர்ந்த பிள்ளைக்குத் தாய். நடிகர்கள் ஐம்பதிலும் காதல் பாட்டுப் பாடலாம். நடிகைகளுக்குச் சினிமா அந்தச் சலுகையைத் தருவதில்லை.

ராதிகா வாய்ப்புக்காகக் காத்திருக்கவில்லை. தன் ராடான் நிறுவனத்தின் மூலம் தானே தயாரித்து, தானே நடுநாயகமாக நடித்தார். 1999 டிசம்பரில் சன் டி.வி.யில் தொடங்கிய 'சித்தி' 2001 நவம்பர் வரை ஓடியது. பிறகு 'அண்ணாமலை', 'செல்வி', 'அரசி'. 'வாணி ராணி'யில் இரட்டை வேடம். நாயகி வாய்ப்பு முடிந்தது என்று சினிமா சொன்ன வயதுக்குப் பிறகு, இருபது ஆண்டுகள் வீட்டு வரவேற்பறையில் நாயகி!

நம் கதைகளில் சித்தி என்றாலே கொடுமைக்காரி. அந்தச் சொல்லுக்குப் பாசத்தைச் சேர்த்தது அந்தத் தொடர். தமிழ் டீச்சரான நான் அதைக்கூடக் கவனிக்கவில்லை. சீரியல்களில் குறையே இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் நாள் முழுக்க நின்றே உழைத்த ஒரு தாயை அரைமணி நேரம் உட்கார வைத்தது அது. மகளையும் பக்கத்தில் சேர்த்தது.

அன்று வெளியே நின்ற பெண்ணே, இதைப் படித்தால் டீச்சரை மன்னித்துவிடு. அம்மா சௌக்கியமா? ஒருநாள் வீட்டுக்கு அழைத்து வா. மூவரும் உட்கார்ந்து காபி குடிப்போம்.