பாம்புத் தடம் தேடும் கேமரா: இருளர் வாழ்வில் ஓராண்டு

தாம்பரத்துக்குத் தெற்கே செங்கல்பட்டு, திருப்போரூர், மாமல்லபுரம் வட்டாரங்களில் இருளர் குடியிருப்புகள் சிதறிக் கிடக்கின்றன. தமிழகத்தில் மிகவும் நலிவுற்ற பழங்குடிகளாக வகைப்படுத்தப்பட்ட ஆறு சமூகங்களில் இருளரும் உண்டு. அவர்களின் தொழிலும் வழிபாடும் பருவத்துக்குப் பருவம் மாறுவதால், அவர்களைப் பற்றிய ஆவணப்படத்தின் குறிப்பேடும் தமிழ் மாதங்களை ஒட்டி அமைகிறது.

தை: நெல் அறுவடையான வயல்களில் எலி பிடிக்கும் காலம். அடியில் துளையிட்ட பானையில் வைக்கோலைக் கொளுத்தி, வாயால் ஊதி வளைக்குள் புகை ஏற்றுகிறார்கள். பிறகு கடப்பாரையால் தோண்டி எலியையும் அது சேர்த்த நெல்லையும் எடுக்கிறார்கள். கேமரா தரைமட்டத்துக்கு இறங்கினால்தான் வளையின் வாய் தெரியும். ஊதுபவரின் இருமலும் ஒலிப்பதிவில் இடம்பெற வேண்டும். அது இந்தத் தொழிலின் விலை.

மாசி: மகப் பௌர்ணமிக்கு மாமல்லபுரம் கடற்கரையில் இருளர் கூடுகிறார்கள். சேலைகளைக் கட்டிக் கூடாரம் அமைத்துத் தங்கி, கடலிலிருந்து வருவதாக நம்பப்படும் கன்னியம்மனை வழிபடுகிறார்கள். மணல்மேலேயே திருமணம் நடக்கும். திருவிழா பொதுவிடத்தில் நடந்தாலும் திருமணம் குடும்பத்துக்குரியது. படமெடுக்கத் தனியே சம்மதம் வேண்டும்.

சித்திரை: செங்கல் சூளை வேலை. முன்பணக் கடனால் கொத்தடிமைகளாகச் சிக்கி மீட்கப்பட்டவர்களுள் இருளர் குடும்பங்கள் பல. கொத்தடிமை முறை 1976 சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. மீண்டவரின் முகத்தைக் காட்டினால் பழைய முதலாளியின் கண்ணில் படக்கூடும். குரல் மட்டும், கைகள் மட்டும் என்று காட்சியைத் திட்டமிடுவது பாதுகாப்பு.

ஆடி: வடநெம்மேலி முதலைப் பண்ணை வளாகத்திலுள்ள பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம். 1972 வனவிலங்குச் சட்டமும் பின்வந்த ஏற்றுமதித் தடையும் பாம்புத் தோல் வணிகத்தை நிறுத்தின. பிழைப்பிழந்த இருளருக்காக, பாம்பு ஆய்வாளர் ரோமுலஸ் விட்டேகரின் முயற்சியில், 1978இல் இச்சங்கம் உருவானது. நல்ல பாம்பு, கட்டு விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கும் அரசு உரிமத்தின்பேரில் பிடிக்கப்படுகின்றன. மண்பானையில் சுமார் மூன்று வாரம் வைத்து, நான்கு முறை நஞ்செடுத்து, வயிற்றுச் செதிலில் அடையாளமிட்டுத் திரும்ப வெளியே விடுகிறார்கள். நஞ்சு விஷமுறிவு மருந்துக்குப் போகிறது. படமெடுத்தாடும் பாம்பைக் காட்டுவது எளிது. மண்ணில் தடத்தைப் படிக்கும் கண்ணைப் பதிவுசெய்வதே கடினம். அந்த அறிவுக்காகவே 2023இல் வடிவேல் கோபால், மாசி சடையன் இருவரும் பத்மஸ்ரீ பெற்றனர்.

ஐப்பசி: வடகிழக்குப் பருவமழை. மழை விட்டதும் புற்றிலிருந்து கிளம்பும் ஈசலைப் பிடித்து வறுத்துத் தின்கிறார்கள். தாழ்வான குடிசைகளில் நீர் ஏறும் மாதமும் இதுதான். இங்கே கேமராவைவிட உதவிக்கு நீளும் கை முந்த வேண்டும்.

மார்கழி: படத்தொகுப்பு. முதல் திரையிடல் குடியிருப்பிலேயே நடக்கிறது. யார் முகம் இருக்கலாம், எந்தச் சொல் நீங்க வேண்டும், எந்த மூலிகையின் இருப்பிடத்தை மறைக்க வேண்டும் என்று ஊரார் சொல்வதன்படி பிரதி திருத்தப்படுகிறது. அதன் பிறகே படம் விழாக்களுக்கும் தொலைக்காட்சிக்கும் அனுப்பப்படுகிறது.