வாலைப் பார்!

மதியம் மெஸ்ஸில் சாப்பிட்டு முடித்துத் தட்டைக் கழுவும்போது, நம் ஹாஸ்டலுக்கு மேலே வட்டமடிக்கும் பறவைகளை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். "மச்சி, கழுகுடா!" என்பான் ஒருவன். "இல்லடா, பருந்து" என்பான் இன்னொருவன். "ஏதோ ஒண்ணு, என் முட்டையைத் தூக்காம இருந்தா சரி" என்று மூன்றாமவன் முடித்து வைப்பான். நானும் சேர்ந்து சிரிப்பேன். ஆனால் அந்த 'ஏதோ ஒண்ணு' என்னை ஒருமுறை அழ வைத்திருக்கிறது.

எங்கள் ஊர் கொள்ளிடக் கரையில் இருக்கிறது. அப்போது எனக்கு எட்டாம் வகுப்பு முழுப் பரீட்சை லீவு. அப்பாயி அடை வைத்துப் பொரித்த பதினொரு கோழிக்குஞ்சுகளில் நாலைக் கள்ளப்பருந்து தூக்கிக்கொண்டு போய்விட்டது. அப்பாயி வாசலில் நின்று வானத்தைப் பார்த்துத் திட்டித் தீர்த்தது. அதே அப்பாயி, வெள்ளைத் தலையும் செங்கல் நிற உடம்புமாகக் கருடன் பறந்தால் மட்டும் கன்னத்தில் போட்டுக்கொள்ளும். தோப்பு ஓரத்து அரசமரத்தில் ஒரு கருட ஜோடி வருஷா வருஷம் கூடு கட்டும். அந்த மரத்தில் யாரும் ஏறக்கூடாது என்பது அப்பாயி போட்ட சட்டம்.

ஆக, என் கணக்கு சுலபமாக இருந்தது. செங்கல் நிறம் என்றால் சாமி. தவிட்டு நிறம் என்றால் திருடன்.

மறுநாள் காலை தாழ்ந்த பனைமட்டை ஒன்றில் தவிட்டு நிறப் பறவை ஒன்று உட்கார்ந்திருந்தது. உண்டிவில்லை எடுத்தேன். எப்போதும் குறி தப்புகிறவன் நான். அன்று தப்பவில்லை. இறக்கையில் பட்டுக் கீழே விழுந்தது. "அப்பாயி! திருடனைப் புடிச்சுட்டேன்!" என்று கத்தினேன்.

ஆனால் அப்பாயி வருவதற்குள் அரசமரத்துக் கருடன் இரண்டும் வந்துவிட்டன. என் தலைக்கு மேலே தாழ்வாகச் சுற்றிச் சுற்றி, ஈனமான குரலில் கத்தின. அப்பாயி குனிந்து, விழுந்து கிடந்ததன் வாலை மெதுவாக விரித்துப் பார்த்தது.

"வாலைப் பாருடா தம்பி. கள்ளப்பருந்துக்கு மீன் வாலாட்டம் பொளந்திருக்கும். இது விசிறியாட்டம் வட்டமா இருக்கு பாரு. இது கருடன் குஞ்சுடா..."

அவ்வளவுதான். அடிக்கவில்லை, திட்டவில்லை. கொட்டாங்கச்சியில் தண்ணீர் கொண்டுவந்து வைத்தது. விடிவதற்குள் அது செத்துப் போயிற்று. அதன் பிறகு ரொம்ப நாள் கருடன் பறந்தால் அப்பாயி கன்னத்தில் போட்டுக்கொள்ளவில்லை; தலையைக் குனிந்துகொண்டு உள்ளே போய்விடும். அதைவிட நாலு அடி கொடுத்திருக்கலாம்.

நம் கல்லூரிக்கு வந்த பிறகு, நூலகத்தில் சலீம் அலி 1941-இல் வெளியிட்ட இந்தியப் பறவைகள் புத்தகத்தைத் தேடி எடுத்துப் படித்தேன். கருடன் என்று நாம் சொல்லும் செம்பருந்து, குஞ்சாக இருக்கும்போது கள்ளப்பருந்து போலவே தவிட்டு நிறமாகத்தான் இருக்கும். வெள்ளைத் தலையும் செங்கல் நிறமும் முழுசாக வர இரண்டு மூன்று வருஷம் ஆகும். மீன், நண்டு, தவளைதான் அதற்கு முக்கியமான இரை. கள்ளப்பருந்து அதைவிடச் சற்றுப் பெரியது. ஆனால் உயரத்தில் பறக்கும்போது பெரியது சிறியது எப்படித் தெரியும்? வால்தான் அடையாளம்.

அதிலும் ஒரு சூட்சுமம் உண்டு. கள்ளப்பருந்து வாலை நன்றாக விரித்துவிட்டால் பிளவு மறைந்து, நேராக வெட்டியதுபோல் தெரியும். அப்போது வாலின் ஓரங்களைக் கவனியுங்கள். கள்ளப்பருந்துக்கு மூலைகள் கூராக நிற்கும். கருடனுக்கு மூலையே கிடையாது. நம் டிராயிங் ஹால் பாஷையில் சொன்னால், முன்னதில் கார்னர், பின்னதில் ஆர்க்!

நம் ஒர்க்‌ஷாப்பிலும் இதே கதைதானே? மைல்டு ஸ்டீலும் காஸ்ட் அயர்னும் மூலையில் துருப்பிடித்துக் கிடந்தால் ஒன்றுபோலத்தான் இருக்கும். லேத்தில் மாட்டி டூலை வைத்தால் ஒன்று சுருள் சுருளாக வரும், மற்றது தூளாக உதிரும். நிறத்தை நம்பி ஜாப்பைக் கெடுத்தால் வேறு பீஸ் வாங்கிக்கொள்ளலாம். நான் கெடுத்ததற்கு வேறு பீஸ் இல்லை.

ஜூனியர்கள் வரும்போது நாமும் நிறத்தைத்தானே பார்க்கிறோம்? சட்டையை வைத்து, பேச்சை வைத்து, ஊரை வைத்து முதல் நாளே பட்டப்பெயர் வைத்துவிடுகிறோம். அவர்களுக்கும் நிறம் வர இரண்டு மூன்று வருஷம் ஆகலாம், நண்பர்களே!

இப்போது லீவுக்குப் போனால் அப்பாயி இல்லை. அரசமரத்தில் கூடு இருக்கிறது. தவிட்டு நிறத்தில் எது பறந்தாலும் முதலில் வாலைப் பார்க்கிறேன். வட்டமாக இருந்தால், அப்பாயிக்காக ஒருமுறை கன்னத்தில் போட்டுக்கொள்கிறேன்.

– மூன்றாமாண்டு மாணவன், இயந்திரவியல் துறை