ஆணைச்சீட்டிற் கண்ட பெயர்

எமது கல்லூரியின் யூபிலி மலருக்கு ஏதேனும் எழுதுக எனப் பழைய மாணவர் சங்கத்தார் பணித்தனர். கல்லூரியின் பெருமைகளை எழுதுவார் பலர் உளர். யாம் எமது பிழையொன்றை எழுதத் துணிந்தோம்.

அரசாங்க உத்தியோகத்தருக்கு வழங்கப்பெறும் புகையிரத ஆணைச்சீட்டை அறியாதார் நம்முள் இலர். ‘வாறண்ட்’ என்றாற் சிறுவருக்கும் விளங்கும். கடமையின் பொருட்டுத் தருவது ஒன்று. விடுமுறைக்குத் தருவது மற்றொன்று. பின்னதிலே உத்தியோகத்தரும் அவர் துணையும் தங்கிவாழும் பிள்ளைகளும் இடம்பெறுவர். மேலதிகாரி ஒப்பமிட்ட அத்தாளை நிலையத்திற் கொடுத்துப் பிரயாணச் சீட்டுப் பெறலாம். காசு கைமாறாமையால், அது எவர் பணமும் அன்று என்றொரு மயக்கம் எம்போல்வாருக்கு உண்டாகிவிடுகின்றது.

1956இல் ஓடத் தொடங்கிய யாழ்தேவி 1990இல் யாழ்ப்பாணத்துக்கு வருவது நின்றது. 2014 ஒக்டோபர் 13ஆந் திகதி மீண்டும் வந்தது. இடைப்பட்ட காலத்தில் இங்கிருந்தோர்க்கு வாறண்ட் பெரும்பாலும் வெறுந்தாளே. 2016இல், உறவினர் திருமணமொன்றுக்காகக் கொழும்புத்துறையிலிருந்து கொழும்புக்குப் புறப்பட்டோம். (பிறவூரார் இதனைக் கேட்டு நகைப்பதுண்டு.) அன்று காலையிலே மகனுக்குக் காய்ச்சல், மனைவியார் அவனுடன் நின்றுவிட்டார். பெற்ற சீட்டு வீணே கழியுமே என எண்ணி, அவனொத்த பத்து வயதினனாகிய தமக்கையாரின் மகனை அழைத்துச் சென்றோம். “ஆரும் கேட்டால் மச்சானின்ரை பேரைச் சொல்லு” என மேடையில் நின்று சொல்லிக்கொடுத்தவர் யாமே. திருக்குறளின் வாய்மை அதிகாரத்தை ஆண்டுதோறும் கற்பிப்பவரும் யாமே.

வவுனியா கடந்தபின் பரிசோதகர் வந்தார். சீட்டுகளையும் எமது அடையாள அட்டையையும் பார்த்துச் சிறுவனிடம் பெயர் வினவினார். யாம் நடுங்கினோம், அவன் நடுங்கவில்லை. சற்றுந் தயங்காது எம் மகன் பெயரைச் சொன்னான். பரிசோதகர் அவன் கன்னத்தைத் தட்டிவிட்டு அப்பாற் சென்றார். எம்மிடம் படித்துப் பரிசில் பெற்றோர் பலர்; கற்பித்ததனை இத்துணை விரைவிற் கற்றவர் ஒருவரும் இலர்.

அரசுக்கு நேர்ந்த நட்டம் அரைச்சீட்டின் விலைதானும் இல்லை, இருக்கை எப்படியும் வெறிதே கிடந்திருக்கும் என வழியெல்லாம் எமக்குள் வாதித்தோம். வாதம் வலியதே. ஆயினும் பக்கத்திலிருந்த பிள்ளைக்கு அதனை எடுத்துரைக்க நா எழவில்லை.

மூன்றாம் நாள், கோட்டை நிலையத்திலே திரும்பும் வண்டிக்காக நின்றபொழுது அவன் எம் கையைப் பற்றி, “மாமா, இண்டைக்கு நான் ஆர்?” என்றான்.

மகனது சீட்டை மடித்துச் சட்டைப்பையில் இட்டோம். வரிசையில் நின்று, கைக்காசுக்கு அரைச்சீட்டொன்று வாங்கி அவனிடங் கொடுத்தோம். கொடிகாமம் வரும்வரை அவன் அதனைக் கையினின்றும் விடவில்லை. சென்ற வழிக் கட்டணத்தை எவரிடம் செலுத்துவதென இன்றும் அறியோம்.