மாலாட் மாளிகையும் பெயரில்லாக் குரல்களும்

ஒலிப்பதிவின் வரலாற்றை எழுதுவோர் பெரும்பாலும் கருவிகளையே பேசுகின்றனர். கருவிக்கும் முன்பாகத் தேவைப்படுவது அமைதி. அமைதிக்குத் தேவை நிலம். 1971-இல் ரிச்சர்ட் பிரான்சன் ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் ஒரு பழைய கிராமத்து மாளிகையை வாங்கி, இசைக்கலைஞர்கள் தங்கியிருந்தே பதிவு செய்யும் கூடமாக மாற்றினார். ‘மேனர்’ எனப்பட்ட அக்கூடம் 1995 வரை இயங்கியது. இதற்கு நெருங்கிய ஒரு முயற்சியை நம் மும்பை 1934-இலேயே கண்டிருக்கிறது.

அன்று மாலாட் பம்பாய் நகர எல்லைக்கு வெளியே இருந்த ஊர். அங்கே எஃப். இ. தின்ஷாவின் கோடைக்கால மாளிகையில்தான் ஹிமான்ஷு ராயும் தேவிகா ராணியும் ‘பாம்பே டாக்கீஸ்’ படப்பிடிப்பு நிலையத்தை அமைத்தனர். இயக்குநர் ஃபிரான்ஸ் ஓஸ்டன், ஒளிப்பதிவாளர் யோசஃப் விர்ஷிங் ஆகியோர் ஜெர்மனியிலிருந்து வந்தவர்கள். நடிகர்களே காமிராவுக்கு முன் பாடிய காலம் அது. ஆகவே வெளியோசை புகாத இடம் இன்றியமையாதது. இசையமைத்த சரஸ்வதி தேவி, குர்ஷித் என்ற பார்சிப் பெண்மணி. திரைப்படத்தில் பணியாற்றுவதைச் சமூகத்தார் எதிர்த்ததால் வேறு பெயரில் இயங்கினார். 1939-இல் போர் மூண்டதும் ஜெர்மானியர் சிறைக்காவலில் வைக்கப்பட்டனர். மறு ஆண்டு ராய் மறைந்தார். 1950-களில் நிலையமும் மூடப்பட்டது.

அதற்கு முன், 1949-இல் ‘மஹல்’ வெளிவந்தது. அதன் புகழ்பெற்ற பாடலில், தொலைவிலிருந்து குரல் நெருங்கி வருவதாகத் தோன்ற வேண்டும். லதா மங்கேஷ்கர் ஒலிவாங்கியிலிருந்து தள்ளி நின்று பாடத் தொடங்கி, மெல்ல நடந்து அதனருகே வந்ததாகப் பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். ஆனால் இசைத்தட்டில் அச்சான பெயர் ‘காமினி’. படத்தில் மதுபாலா ஏற்ற பாத்திரத்தின் பெயர் அது. பாடியவர் யாரெனக் கேட்டு நேயர்கள் வானொலிக்கு எழுதிய பிறகே உண்மைப் பெயர் வெளிப்பட்டது.

தாராவியில் வாழும் திருநெல்வேலித் தமிழரின் பேச்சுமொழியை ஆராயும் எனக்கு இந்தச் செய்தி வெறும் சினிமாத் துணுக்கு அன்று. என் பதிவுகளில் குக்கரின் விசில் இருக்கிறது, தையல் எந்திரம் இருக்கிறது, மாகிம் பக்கம் செல்லும் ரயில் இருக்கிறது. பத்துக்குப் பத்து அறையில் அமைதியை எங்கே வாங்குவது? அந்த ஓசைகளை மென்பொருளால் ஓரளவு குறைத்துவிடலாம். குறைக்க முடியாதது வேறொன்று. ஆய்வேட்டில் பேச்சாளர்கள் ‘பே-1’, ‘பே-2’ என்றே இடம்பெறுகின்றனர். அதை விளக்கியபோது ஓர் ஆச்சி கேட்டார்: “ஏட்டி, பேசுனது நான்லா? எம் பேருக்குப் பதிலா நம்பரு எதுக்கு?”

எண்ணுக்கு நியாயம் உண்டு. தாராவி மறுசீரமைப்பில், 2000 ஜனவரி 1-க்கு முன்பே குடியிருந்தவரா என்பது வீட்டுரிமையைத் தொடும் கேள்வி. ‘எப்போது ஊரைவிட்டு வந்தீர்கள்?’ என நான் கேட்பதும், கணக்கெடுப்பாளர் கேட்பதும் ஒரே கேள்விதான். ஒலிப்பதிவில் தற்செயலாக வரும் ஓர் ஆண்டு ஒருவரின் கூரையைப் பறிக்கக்கூடும் என்றால், பெயரை மறைப்பதே அறம். ஆனால் அஞ்சாதவரிடமும், கேளாமலே, அதே மறைப்பைத் திணிப்பது பாதுகாப்பு ஆகாது. இசைத்தட்டில் ‘காமினி’ என்று அச்சிட்டவர்களுக்கும் தீய நோக்கம் இருந்திருக்க வேண்டியதில்லை. குரலுக்கு உரியவரிடம் கேட்க வேண்டும் என்ற எண்ணம் இல்லாதிருந்தாலே போதும்.

எனவே ஒப்புதல் படிவத்தில் ஒரு வரியைச் சேர்த்திருக்கிறேன்: ‘என் பெயர் இடம்பெற வேண்டும் / வேண்டாம்’. அதனால் நேரக்கூடியதை வாய்மொழியாக விளக்கிய பிறகே அந்த வரிக்கு வருகிறேன். ஆண்டுகளும் முகவரிகளும் வரும் பகுதிகளை இரு தரப்புக்கும் பொதுவாக நீக்கிவிடுகிறேன். இதுவரை இரு விடைகளும் வந்துள்ளன. ஆச்சி ‘வேண்டும்’ என்றார். ஆய்வேட்டில் அவர் பெயர் இருக்கும். இந்தப் பதிவுக்கு அவரிடம் அனுமதி கேட்கவில்லை. ஆதலால் இங்கே எழுதவில்லை.

களப்பணிக்குச் செல்லும் மாணவர்கள் ஒலிவாங்கியை இயக்கும் முன் இதையும் கேட்டுவிடுங்கள்.